பரிவுக்கு வகுத்த எல்லை

1907 நவம்பரில் ஓக்லஹோமா அமெரிக்காவின் 46ஆவது மாநிலமானது. அதன் முதல் தேர்தலிலேயே அறநலம், சீர்திருத்தத் துறையின் ஆணையராகக் கேட் பர்னார்ட் என்ற பெண் வென்றார். அவருக்கு வாக்களித்தவர்கள் அத்தனை பேரும் ஆண்கள். அந்த மாநிலப் பெண்களுக்கு வாக்குரிமை கிடைத்தது 1918இல்தான். ஆக, வேட்பாளர் தமக்கே வாக்களிக்க முடியாத தேர்தல் அது.

இந்தப் பதவி உருவானதிலும் அவருக்குப் பங்குண்டு. கத்ரி நகரில் மாநில அரசமைப்பு எழுதப்பட்டபோது, குழந்தைத் தொழிலுக்குத் தடை, கட்டாயக் கல்வி ஆகியவற்றுக்காகத் தொழிற்சங்கத்தாரோடும் உழவர்களோடும் சேர்ந்து வாதாடியவர் பர்னார்ட். ஆணையர் ஆணாகவோ பெண்ணாகவோ இருக்கலாம் என்று அரசமைப்பிலேயே எழுதி வைத்தார்கள். தாராள மனம் மட்டுமே இதற்குக் காரணம் என்று சொல்லிவிட முடியாது. கைதி, அநாதை, மனநோயாளி ஆகியோரைக் கவனிப்பது வீட்டுப் பெண்ணின் வேலைதானே என்ற எண்ணமும் அதில் இருந்தது. வாக்குரிமைப் போராட்டத்தில் பர்னார்ட் பெரிதாக ஆர்வம் காட்டாததும் அரசியல்வாதிகளுக்கு வசதியாகப் போயிற்று.

புதிய மாநிலத்துக்குச் சொந்தமாகப் பெரிய சிறை இல்லை. பணம் கொடுத்துத் தன் கைதிகளைக் கன்சாஸ் மாநிலத்தின் லான்சிங் சிறையில் அடைத்து வைத்தது. 1908இல் பர்னார்ட் சாதாரணப் பார்வையாளர்போல உள்ளே நுழைந்து, பிறகு தாம் யாரென்று சொல்லிச் சிறையின் நிலக்கரிச் சுரங்கத்துக்குள்ளும் இறங்கினார். நாளுக்கு மூன்று வண்டி கரி வெட்டாத கைதிக்குத் தண்டனை உண்டு. கையையும் காலையும் முதுகுப்புறம் சேர்த்துப் பிணைத்துப் போடுவார்கள். முகத்தில் குழாய்த் தண்ணீரைப் பீய்ச்சுவார்கள். அவருடைய அறிக்கை கன்சாஸில் கொந்தளிப்பை உண்டாக்கியது. ஓக்லஹோமா தன் கைதிகளைத் திரும்ப அழைத்துக்கொண்டு மெக்அலெஸ்டரில் சிறை கட்டியது. சொந்த மாநிலம் அவரைக் கொண்டாடியது. குற்றவாளிக் கூண்டில் நின்றது அண்டை மாநிலம் அல்லவா!

1910இல் மீண்டும் வென்ற பிறகு அவர் கை வைத்தது உள்ளூர்ச் சொத்தில். பழங்குடிகளின் பொது நிலத்தை மத்திய அரசு ஆள்வாரியாகப் பிரித்துக் கொடுத்திருந்ததால் குழந்தைகளின் பெயரிலும் நிலம் இருந்தது. சில நிலங்களுக்கு அடியில் எண்ணெயும் இருந்தது. 1908ஆம் ஆண்டுச் சட்டம் இந்தச் சிறார்களின் சொத்தை மாவட்ட நீதிமன்றங்களின் பொறுப்பில் விட்டது. நீதிமன்றம் நியமித்த காப்பாளர்களில் பலர் அதைச் சுருட்டினார்கள். மரப்பொந்து ஒன்றில் மூன்று அநாதைக் குழந்தைகள் வாழ்ந்ததைப் பர்னார்டின் துறை கண்டுபிடித்தது. எண்ணெய் நிலம் அவர்களுடையது. சாப்பாடோ அக்கம்பக்கத்து உழவர்கள் போட்டது. இப்படிப்பட்ட வழக்குகளில் துறையின் வழக்கறிஞர் குறுக்கிட்டு, சிறார்கள் பலருக்குச் சொத்தை மீட்டுத் தந்தார்.

வழக்கறிஞர், நீதிபதி, வங்கியாளர், நில வணிகர் என்று ஊர்ப் பெரிய மனிதர்கள் பலரின் வருமானத்தில் இது கை வைத்தது. பதவியோ அரசமைப்பு தந்தது, ஒழிக்க முடியாது. எனவே 1913இல் சட்டமன்றம் துறைக்கான நிதியை வெட்டியது. ஆணையர் நாற்காலி இருந்தது, வேலை செய்ய ஆட்கள் இல்லை. உடல்நலமும் கெட்டுப்போக, 1915 தொடக்கத்தில் பர்னார்ட் பதவியை விட்டு விலகினார். 1930இல் ஓக்லஹோமா நகர விடுதி ஒன்றில் இறந்தார்.

இந்தச் சொத்துச் சூறையை ஆவணங்களோடு வரலாறாக எழுதியவர் ஆஞ்சி டெபோ. உயிரோடிருந்த செல்வாக்குள்ள பலரின் பெயர்கள் அதில் வந்ததால் ஓக்லஹோமா பல்கலைக்கழகப் பதிப்பகம் பின்வாங்கியது. 1940இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகப் பதிப்பகமே அந்நூலை வெளியிட்டது.