வள்ளல் என்போம், இயக்குநர் என்போமா?

சில வாரங்களுக்கு முன் அம்பத்தூரில் நண்பர் ஒருவரின் வீட்டு மொட்டைமாடியில் நாங்கள் பத்துப் பேர் கூடி ழாக் தாத்தியின் 'ப்ளேடைம்' பார்த்தோம். படம் முடிந்ததும் வழக்கமான பெருமூச்சு எழுந்தது. "சிரிக்க வைக்கவும் தெரிந்து, படம் எடுக்கவும் தெரிந்த ஒருவன் தமிழில் உண்டா?" என்று ஒருவர் கேட்டார். எவரும் வாய் திறக்கவில்லை. தமிழ் படித்து, தமிழ் கற்பித்துப் பிழைக்கும் நாமும் திறக்கவில்லை. வீடு திரும்பும்போதுதான் வெட்கம் வந்தது. உண்டு என்பது நமக்குத் தெரியும். தெரிந்ததைச் சொல்லவிடாமல் தடுத்தது எது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

தாத்தி மேடையிலிருந்து வந்தவர். விளையாட்டு வீரர்களின் அசைவுகளை ஊமைக்கூத்தாக நடித்துக் காட்டிப் பெயர் பெற்றவர். பின்னர் ஆறே முழுநீளப் படங்களை இயக்கி, அவற்றில் தாமே நடித்தார். ஹூலோ என்ற பாத்திரம் உலகெங்கும் அறிமுகமானது. 1958-இல் வந்த 'மோன் ஓன்கில்' ஆஸ்கர் விருதும் பெற்றது. இவரை நாம் 'காமெடி நடிகர்' என்று குறிப்பிடுவதில்லை. 'திரைக்கலைஞர்' என்கிறோம், சரியாகவே சொல்கிறோம்.

இனி நம் ஊருக்கு வருவோம். என்.எஸ். கிருஷ்ணன் 1908-இல் நாகர்கோவிலையடுத்த ஒழுகினசேரியில் பிறந்தார், டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் வளர்ந்தார், 1930-களின் நடுவில் திரைக்கு வந்தார். பிறர் இயக்கிய படங்களுக்குள் தம் குழுவினரை வைத்துக்கொண்டு நகைச்சுவைப் பகுதியைத் தாமே உருவாக்கினார். அதாவது, இயக்குநர் என்று பெயர் போட்டுக்கொள்ளும் முன்பே அவர் படத்துக்குள் படம் எடுத்துக்கொண்டிருந்தார். 1944-இல் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கைதாகி, 1947-இல் குற்றமற்றவரென்று விடுதலையாகி வந்தபின், 'மணமகள்' (1951), 'பணம்' (1952) ஆகிய படங்களை இயக்கினார்.

இவ்விரு படங்களையும் நாம் எப்படி நினைவில் வைத்திருக்கிறோம்? 'மணமகள்' என்றால் பத்மினி, மு. கருணாநிதியின் வசனம், பாரதி பாடலுக்கு சி.ஆர். சுப்பராமன் அமைத்த ராகமாலிகை. 'பணம்' என்றால் 'பராசக்தி'க்கு அடுத்து வந்த சிவாஜி படம். விஸ்வநாதன் – ராமமூர்த்தி இரட்டையராக இசையமைக்கத் தொடங்கிய படம். நடிகைக்கு இடம் உண்டு, வசனகர்த்தாவுக்கு உண்டு, இசையமைப்பாளருக்கு உண்டு. இவர்களையெல்லாம் ஒரு படத்துக்குள் கூட்டி வைத்த இயக்குநருக்கு மட்டும் இடமில்லை. அவரைப் பற்றிப் பேச நமக்கு வேறு கதைகள் இருக்கின்றன: யாருக்கு என்ன அள்ளிக் கொடுத்தார், எப்படி வெறுங்கையோடு 1957-இல் இறந்தார் என்ற வள்ளல் கதைகள். வள்ளல் பட்டம் பெரிய வசதி. அதைக் கொடுத்துவிட்டால் அவர் எடுத்த படத்தைப் பார்க்க வேண்டியதில்லை.

சிற்றிதழ் வாசகரிடமிருந்து வரும் மறுப்பு நமக்குத் தெரிந்ததுதான்: "கலைவாணர் செய்தது பிரச்சாரம், கலையன்று." இதைச் சொல்பவர்கள்தாம் 1990-களில் பக்தின், பகடி, களியாட்டம் என்று பக்கம் பக்கமாக எழுதியவர்கள். 'நல்லதம்பி' (1949) படத்தில் வரும் கிந்தனார் கதாகாலட்சேபத்தை அவர்களில் எத்தனை பேர் எடுத்துப் பார்த்தார்கள்? கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தன் சிதம்பர தரிசனத்துக்கு ஏங்குகிறான். கிருஷ்ணனின் கிந்தன் படிப்பைத் தேடிப் பட்டணத்துக்கு ரயிலேறுகிறான். காலட்சேபத்தின் வடிவம், நடை, தாளம் எதுவும் குலையவில்லை. உள்ளிருந்த பக்தியின் இடத்தில் பள்ளிக்கூடம் வந்து உட்கார்ந்துவிட்டது. பகடிக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டை ருஷ்யாவில் தேட வேண்டுமா? அந்தப் படத்தை இயக்கியவர்கள் கிருஷ்ணன் – பஞ்சு. காலட்சேபப் பாட்டு உடுமலை நாராயணகவி எழுதியது. ஆனால் நிகழ்த்துகிற உடலும் குரலும், அதன் பின்னுள்ள பார்வையும் கலைவாணருடையவை.

இன்னொன்று. 'மோன் ஓன்கில்' படத்தில் எல்லாம் எந்திரமான ஒரு வீடு வருகிறது. அந்தச் சமையலறையில் ஹூலோ திணறுவதைப் பார்த்துச் சிரிக்கிறோம். கிருஷ்ணனும் மதுரமும் பாடும் விஞ்ஞானப் பாட்டில், பொத்தானைத் தட்டினால் தட்டில் இட்லி வர வேண்டும் என்ற ஆசை வருகிறது. எந்திரம் நிறைந்துவிட்ட நாட்டில் இருந்த தாத்திக்கு அதன் மேல் ஐயம். ஆட்டுக்கல்லில் இடுப்பொடிந்த பெண்களின் நாட்டில் இருந்த கிருஷ்ணனுக்கு அதன் மேல் ஆவல். இருவரும் ஒரே பொருளை இரு கரையிலிருந்து பார்த்தவர்கள். 1964-இல் வந்த தொழிற்பேட்டையால் ஊரே மாறிய அம்பத்தூரில் உட்கார்ந்துகொண்டு ஐயத்தை மட்டும் கலையென்றும் ஆவலைப் பிரச்சாரமென்றும் தீர்ப்பெழுத நமக்கு என்ன உரிமை?

சந்திரபாபுவின் கதை இன்னும் கொடியது. 'ப்ளேடைம்' படத்துக்காகப் பாரிஸுக்கு வெளியே ஒரு நகரத்தையே அரங்கமாகக் கட்டினார் தாத்தி. 1967-இல் படம் வெளியாகி, கடனில் மூழ்கி, தம் படங்களின் உரிமையையே இழந்தார். அதைக் கலைக்காகச் செய்த தியாகம் என்று எழுதுகிறோம். சந்திரபாபு தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' பாதியில் நின்றது. கனவாகக் கட்டிய வீடு கைவிட்டுப் போயிற்று. இதை ஊதாரித்தனம் என்றும் குடி என்றும் எழுதுகிறோம். இரண்டும் ஒரே வீழ்ச்சி. ஒன்றுக்கு மாலை, மற்றொன்றுக்கு வம்பு. சாவித்திரியுடன் நடித்து, அவரே இயக்கிய 'தட்டுங்கள் திறக்கப்படும்' 1966-இல் வெளிவந்தது. அவர் வீட்டு மாடிக்குக் கார் ஏறிய கதை தெரிந்தவர்களில், இந்தப் படத்தைப் பார்த்தவர்கள் எத்தனை பேர்?

இவர்களைத் தாத்திக்கு நிகரென்று நாம் வாதிடவில்லை. காட்சிச் சட்டகத்தை ஆண்டதில் தாத்தி மிகப் பெரியவர். கலைவாணரின் படங்களில் நாடக மேடையின் வாசனை போகவில்லை. வசனம் படத்தை இழுத்துச் செல்லும் இடங்கள் பல. ஆனால் இக்குறைகளைச் சொல்வதற்கும் படத்தைப் பார்த்திருக்க வேண்டும். பார்க்காமலே "இல்லை" என்று தலையாட்டுவது விமரிசனமாகாது, சோம்பல்.

தாத்தியின் முதல் முழுநீளப் படம், 1949-இல் வந்த 'ழூர் த ஃபேத்', வண்ணத்தில் எடுக்கப்பட்டும் வண்ணத்தில் வெளியாக முடியாமல் கிடந்தது. அவர் 1982-இல் இறந்த பின், மகள் சோஃபியின் முயற்சியால் 1995-இல் அது வண்ணத்தில் மீண்டது. 'ப்ளேடைம்' 2002-இல் புதுப்பிக்கப்பட்டுக் கான் விழாவில் திரையிடப்பட்டது. ஒரு கலைஞனை மேதையாக நிலைநிறுத்துவதில் அவனுடைய படங்களுக்குப் பாதிப் பங்கென்றால், அவற்றைக் காத்து, பார்த்து, எழுதிய சமூகத்துக்கு மீதிப் பங்கு உண்டு. நம்மிடமோ தி. நகரில் 1969-இல் அண்ணா திறந்துவைத்த சிலை இருக்கிறது. வாலாஜா சாலையில் கலைவாணர் பெயரில் அரங்கம் இருக்கிறது. 'மணமகள்' பற்றிக் காட்சி காட்சியாக எழுதிய ஒரு கட்டுரையை முதுகலை மாணவர் கேட்டால், கொடுக்க நம் கையில் ஒன்றுமில்லை.

அடுத்த மாதம் அதே மொட்டைமாடியில் 'மணமகள்' போடப் போகிறோம். அதற்கடுத்த மாதம் 'தட்டுங்கள் திறக்கப்படும்'. கிடைக்கும் பிரதி எவ்வளவு தேய்ந்ததாக இருந்தாலும் சரி. வருபவர்களுக்கு ஒரே நிபந்தனை: வள்ளல் கதைகளையும் குடிக் கதைகளையும் மாடிப்படியின் கீழ் செருப்போடு விட்டுவிட்டு வரவேண்டும்.