தேவை வேறு, டிமாண்ட் வேறு மக்களே!

பி.காம் தோழர்களே, ஒரு சண்டைக்கு வந்திருக்கிறேன். நம் தமிழ்வழிப் புத்தகங்களில் டிமாண்டைத் "தேவை" என்று போட்டிருக்கிறார்கள். தேவை விதி, தேவைக் கோடு, தேவை நெகிழ்ச்சி... மனப்பாடம் பண்ணி மார்க்கும் வாங்கியாச்சு. இந்த ஒரு சொல் எத்தனை பேரை ஏமாற்றுகிறது என்று யோசித்தோமா?

தண்ணீரையே எடுத்துக்கொள்வோம். விம்கோ நகர்க்காரனுக்கு வேறென்ன உதாரணம் வரும் :-)

முதல் குடம் குடிக்க, அடுத்தது சமைக்க, அப்புறம் குளிக்க, கடைசிக் குடம் வாசல் தெளிக்க. குடம் கூடக் கூட அடுத்த குடத்தின் பயன்பாடு குறையும். அதற்குக் கொடுக்கச் சம்மதிக்கும் விலையும் குறையும். கோடு கீழே இறங்குவது அதனால்தான். உயிர் காக்கும் தண்ணீர் மலிவு, வைரம் ஏன் இவ்வளவு விலை என்று ஆடம் ஸ்மித் 1776-ல் எழுப்பிய புதிருக்கு, ஜெவன்ஸ், மெங்கர், வால்ரஸ் மூவரும் 1870-களில் தந்த விடையும் இதுதான். விலையைத் தீர்மானிப்பது மொத்தப் பயன்பாடு அல்ல, கடைசி அலகின் பயன்பாடு. அருமையான விடை, இதில் எனக்குச் சண்டையே இல்லை.

ஒரு ஆளுக்குச் சொன்னதை ஊருக்கே நீட்டும்போதுதான் கோளாறு. 2019 ஜூனில் பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் நான்கும் வறண்டன. ஜூலை 12 முதல் ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்தது, நடைக்கு 25 லட்சம் லிட்டர். தனியார் லாரி விலை எகிறியது. காசிருந்தவர் சம்ப்பை நிரப்பினார். அவருக்கு அது இருபதாவது குடமோ முப்பதாவது குடமோ. தெருவில் பிளாஸ்டிக் குடத்தை வரிசையில் வைத்த அக்காவுக்கு முதல் குடம். பயன்பாடு யாருக்கு அதிகம்? அக்காவுக்கு. லாரி யார் வீட்டுக்குப் போனது?

"விலை ஏறியும் வாங்குறாங்கன்னா அவங்களுக்குத்தான் தேவை அதிகம்" என்று சொல்லும் அண்ணன்களே, பணத்துக்கும் இறுதிநிலைப் பயன்பாடு உண்டு. பணக்காரரின் நூறு ரூபாயும் கூலிக்காரரின் நூறு ரூபாயும் ஒன்றல்ல என்று மார்ஷலே 1890-ல் ஒப்புக்கொண்டார். அக்கா வரிசையில் நின்ற மூன்று மணி நேரமும், அதனால் போன அரைநாள் கூலியும் விலைதான். நம் கோட்டில் அதற்கு எந்த அச்சு?

"விருப்பம், வாங்கும் சக்தி, கொடுக்கும் மனம் மூன்றும் சேர்ந்ததே தேவை என்று புத்தகத்திலேயே இருக்கே" என்பீர்கள். இருக்கிறது, முதல் பக்கத்தில். அடுத்த பக்கத்திலிருந்து வாங்கும் சக்தியை மறந்துவிட்டு வெறும் விருப்பத்தைப் பற்றியே பேசுகிறோம். காசில்லாதவன் வாங்கவில்லை என்றால் அவனுக்குத் தேவையில்லை என்றாகிவிடுகிறது, தமிழில் படித்தால் இன்னும் மோசமாக.

இலங்கைத் தமிழ்ப் புத்தகங்களில் டிமாண்டுக்குக் "கேள்வி", சப்ளைக்கு "நிரம்பல்". கடைக்குப் போய்க் காசை நீட்டிக் கேட்பதுதானே டிமாண்ட்? அதற்குக் கேள்வி என்பதே நேர்மையான பெயர். நாமும் அதை எடுத்துக்கொண்டால் என்ன குறைந்துவிடும்? அதுவரை பரீட்சைத் தாளில் "காசுள்ள தேவை" என்றுதான் எழுதப் போகிறேன். அரை மார்க் போனால் போகட்டும்.