வாடகை வழக்கில் ‘மூன்றாவது ஆள்’: யாரைச் சேர்க்கணும், யாருக்குச் சொல்லணும்?

கும்மிடிப்பூண்டி சிப்காட்டைச் சுற்றி ஒரே ரூமில் நாலைந்து பேர் தங்கும் லைன் வீடுகளைப் பார்க்கலாம். ஒருவர் ஷிப்டுக்குக் கிளம்பினால் இன்னொருவர் வந்து படுப்பார். ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட், அசாம் என ஊர் விட்டு வந்தவர்கள். ஆனால் வீட்டு ஓனரிடம் அக்ரிமென்ட் போட்டவர் பல இடங்களில் லேபர் கான்ட்ராக்டர்தான். அவர் வாடகை பாக்கி வைத்தால் வழக்கு அவர் மேல் பாயும். தெருவுக்கு வரப்போவதோ இவர்களுடைய பெட்டி.

அப்படியானால் இவர்கள் கோர்ட்டுக்குப் போய் “எங்களையும் சேருங்க” என்று கேட்க முடியுமா? கேட்கலாம். சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 1, விதி 10 அதற்கு வழி வைத்திருக்கிறது. வக்கீல்கள் இதை ‘இம்ப்ளீட் மனு’ என்பார்கள். கிடைக்குமா என்பதுதான் சிக்கல்.

இந்த மனுவை அதிகம் போடுவது தொழிலாளிகள் இல்லை, சொந்தக்காரர்கள். “அந்த வீட்டில் எனக்கும் பங்கு இருக்கு” என்று அண்ணனோ தம்பியோ நடுவில் நுழைவார்கள். நிலத்தின் விலை ஏறும் ஊர்களில் இது சகஜம். சில சமயம் வழக்கை இழுக்க வாடகைதாரரே தூண்டிவிடுவதும் உண்டு. இதற்கு உச்ச நீதிமன்றம் 2018 ஜனவரியில், கனக்லதா தாஸ் வழக்கில், தெளிவாகவே பதில் சொல்லிவிட்டது: வெளியேற்றும் வழக்கில் ஓனரும் வாடகைதாரரும் மட்டுமே அவசியமான தரப்புகள். பங்குச் சண்டையைத் தனி வழக்காகப் போட்டுக்கொள்ள வேண்டியதுதான். சரியான தீர்ப்பு. இல்லையென்றால் ஒரு வாடகை வழக்கு குடும்பச் சொத்து வழக்காக மாறி, பத்து வருஷம் ஓடும்.

ஆனால் அதே கதவு, உள்ளே குடியிருப்பவர் முகத்திலும் சாத்தப்படுகிறது. உள்வாடகைக்கு இருப்பவரை வழக்கில் சேர்க்கத் தேவையில்லை, வாடகைதாரருக்கு எதிரான தீர்ப்பு அவரையும் கட்டுப்படுத்தும் என்று 2004-லேயே பல்வந்த் விஸ்வாமித்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2019 பிப்ரவரியில் அமலுக்கு வந்த தமிழ்நாட்டின் புதிய வாடகைச் சட்டத்தில் இன்னொரு பொறி. ஓனரின் எழுத்துப்பூர்வ சம்மதம் இல்லாமல் உள்வாடகைக்கு விட்டால், காலி செய்யச் சொல்ல அதுவே ஒரு காரணம். ஆக, “நான்தான் உள்ளே இருக்கேன்” என்று ஒரு தொழிலாளி வாயைத் திறந்தால், ஓனர் தரப்புக்குச் சாட்சி சொன்ன மாதிரி ஆகிவிடும்!

அதற்காக ரூமில் இருக்கும் எல்லோரையும் வழக்கில் சேர்த்துவிடலாமா? கூடாது. ஆறு மாசத்தில் ஆள் மாறும் அறைக்கு யார் பெயரில் சம்மன் அனுப்புவது? தேவைப்படுவது தரப்பு என்ற அந்தஸ்து இல்லை, தகவல். வாடகை நீதிமன்றம் சிவில் நடைமுறைச் சட்டத்தை அப்படியே பிடித்துக்கொள்ள வேண்டியதில்லை, இயற்கை நீதியைப் பின்பற்றினால் போதும் என்கிறது இதே சட்டம். அப்படியிருக்க, வழக்கு எண்ணும் காலி செய்ய வேண்டிய தேதியும் எழுதி, இந்தியிலும் ஒடியாவிலும் கதவில் ஒரு நோட்டீஸ் ஒட்ட என்ன தடை? காலி செய்ய சில வாரம் அவகாசம் கொடுத்தால் ஓனருக்கும் பெரிய நஷ்டம் வராது. மாற்று இடத்துக்குக் கான்ட்ராக்டரைத்தான் பிடிக்க வேண்டும். புலம்பெயர் தொழிலாளருக்குத் தங்குமிடம் தருவது ஒப்பந்ததாரரின் பொறுப்பு என்று 1979-ஆம் ஆண்டுச் சட்டமே சொன்னது.

ஒரு விஷயம் கவனிக்கணும்: புதிய வாடகைச் சட்டம் நகர்ப்பகுதிகளுக்கு மட்டும்தான். சுற்றியுள்ள கிராம ஊராட்சிகளில் இருக்கும் லைன் வீட்டுக்கு வழக்கு சிவில் கோர்ட்டில்தான் நடக்கும்.

கான்ட்ராக்டர் எடுத்த ரூமில் தங்கியிருப்பவர்கள் இப்போதே செய்யக்கூடியது கொஞ்சம் இருக்கிறது. அக்ரிமென்ட்டை போனில் போட்டோ எடுத்து வையுங்கள். அதில் தொழிலாளர்களைத் தங்கவைக்க ஓனர் சம்மதித்த வரி இருக்கிறதா என்று பாருங்கள். வாடகையைச் சம்பளத்தில் பிடிக்கிறார்கள் என்றால், அந்த ஸ்லிப்பைத் தூக்கிப் போடாதீர்கள்.