இரு காதும் ஒரு மூளையும்

உயர்தரப் பரீட்சை நெருங்கும் காலத்தில் எம் போன்ற மாணவிகளிடையே இரண்டு பொருட்கள் கைமாறுகின்றன. ஒன்று கடந்தகால வினாத்தாள். மற்றையது யூரியூப் இணைப்பு. "நாற்பது ஹேட்ஸ், கவனம் கூடும்." "மூன்று ஹேட்ஸ், ஆழ்ந்த நித்திரை." இயர்போனை மாட்டிக்கொண்டு கேட்டால் ஒரே சீரான ரீங்காரம்தான் வரும். இதன் பெயர் பைனோரல் பீற்ஸ். தமிழில் ஈர்செவி அடிப்பு எனலாம்.

உம்மாமாரின் வாட்சப்பில் இதே விடயம் வேறு பெயரில் சுற்றுகிறது: "டிஜிட்டல் போதை." பிள்ளையின் காதில் இயர்போன் இருந்தால் கஞ்சா புகைப்பதற்குச் சமம் என்று சில செய்திகள் சொல்கின்றன. மாணவிகள் இதை மருந்து என்கிறார்கள், பெற்றோர் நஞ்சு என்கிறார்கள். இந்த ஒலிக்கு மூளையை ஆட்டிவைக்கும் வல்லமை உண்டு என்பதில் மட்டும் இரு தரப்பாரும் ஒன்றுபடுகிறார்கள். எனது மறுப்பு அந்த ஒற்றுமை மீதுதான்.

பௌதிகவியல் படிப்பவர்களுக்கு அடிப்பு புதிதல்ல. 440 ஹேட்ஸ், 444 ஹேட்ஸ் மீடிறனுடைய இரு இசைக்கவைகளை ஒன்றாக ஒலிக்கவிட்டால், சத்தம் செக்கனுக்கு நான்கு தடவை ஏறி இறங்கும். அந்த அடிப்பு வளியில் நிகழ்கிறது. ஆனால் 440ஐ இடக்காதுக்கும் 444ஐ வலக்காதுக்கும் தனித்தனியே அனுப்பினால் வளியில் எதுவும் கலப்பதில்லை. அப்படியிருந்தும் நான்கு அடிப்புகள் கேட்கும். இரு காதுகளிலிருந்தும் வரும் சைகைகள் மூளைத்தண்டில் சந்திக்கும்போது அங்கேதான் அது உருவாகிறது. ஜேர்மனியைச் சேர்ந்த ஹைன்ரிச் டோவ இதனை ஏறக்குறைய 1840 அளவில் கண்டறிந்தார். 1973இல் ஜெரால்ட் ஒஸ்ரர் எழுதிய கட்டுரை அதை மீண்டும் கவனத்துக்குக் கொண்டுவந்தது. சுமார் 1000 ஹேட்ஸுக்கு மேற்பட்ட சுரங்களில் இந்த அடிப்பு உணரப்படுவதில்லை.

இதை வீட்டிலேயே சோதிக்கலாம். கேட்டுக்கொண்டிருக்கும்போது ஒரு பக்க இயர்போனைக் கழற்றுங்கள், அடிப்பு அந்தக் கணமே மறைந்துவிடும். இடைவேளையில் ஒரே இயர்போனை ஆளுக்கொரு பக்கமாகப் பங்கிட்டு "கவனம் கூட்டும்" தோழிகளை இந்த இடத்தில் நினைக்காமல் இருக்க முடியவில்லை. இருவரில் ஒருவருக்குமே அந்த அடிப்பு கிடைப்பதில்லை. ஆனால் இருவருமே பலன் கிடைத்ததாகச் சொல்கிறார்கள்!

ஆகவே அடிப்பு உண்மை. அதன் மேல் கட்டப்பட்ட வாக்குறுதியில்தான் சிக்கல். மூளையின் மின்னலைகளில் 4 ஹேட்ஸுக்குக் குறைந்தவை ஆழ்ந்த நித்திரையோடும், 8 முதல் 13 வரையானவை அமைதியான விழிப்போடும் தொடர்புடையவை. அதே மீடிறனில் அடிப்பைக் கேட்டால் மூளை அதன் பின்னால் போகும் என்பதே விற்பவர்களின் வாதம். அமெரிக்காவில் வானொலித் துறையில் இருந்த ரொபேர்ட் மன்றோ, ஒலியால் நித்திரையை வரவழைக்கும் முறைக்கென 1975இலேயே காப்புரிமை பெற்றுவிட்டார். ஆனால் மூளை அப்படிப் பின்தொடர்கிறதா? 2023இல் வெளியான ஒரு மீளாய்வு, இதை மின்னலைப் பதிவின் மூலம் சோதித்த 14 ஆய்வுகளை எடுத்துப் பார்த்தது. ஐந்து ஆம் என்றன, எட்டு அதற்கு மாறாக அமைந்தன, ஒன்று இரண்டுங்கெட்டான்.

நியாயமாக மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 2005இல் இங்கிலாந்தில் சத்திரசிகிச்சைக்குக் காத்திருந்த 108 நோயாளிகளை வைத்து ஓர் ஆய்வு நடந்தது. ஈர்செவி அடிப்புக் கலந்த ஒலியைக் கேட்டவர்களின் பதற்றம் 26.3 சதவீதம் குறைந்தது. அடிப்பு இல்லாத அதே ஒலியைக் கேட்டவர்களுக்கு 11.1, எதுவும் கேட்காதவர்களுக்கு 3.8 சதவீதம். இதை ஒதுக்கித் தள்ள முடியாது. ஆனால் பதற்றம் தணிவது வேறு, இரசாயனவியல் மண்டையில் ஏறுவது வேறு. போலந்து ஆய்வாளர்கள் ஆயிரம் பேரை அவரவர் வீட்டிலேயே கேட்கவைத்து அறிவுத்திறன் வினாக்களுக்கு விடையளிக்கச் செய்தார்கள். 2023இல் வெளியான முடிவு தலைகீழானது: ஈர்செவி அடிப்பைக் கேட்டவர்கள் மற்றவர்களைவிட மோசமாகச் செய்தார்கள். பாடம் படிக்கும்போது இதைப் போடும் எவரும் இந்த ஒரு முடிவையாவது அறிந்திருக்க வேண்டும்.

இனிப் போதை. 2010இல் அமெரிக்காவின் ஒக்லஹோமா மாநிலப் பாடசாலையொன்றில் மாணவர்கள் சிலர் இதைக் கேட்டதாகக் கூறி அங்குள்ள போதைத் தடுப்புப் பிரிவே எச்சரிக்கை விட்டது. 2014இல் அச்சம் லெபனானுக்கும் அரபு நாடுகள் சிலவற்றுக்கும் பரவி, தடைசெய்யும் பேச்சு வரை போனது. எமது வாட்சப் செய்திகளும் அந்த அலையின் நீட்சிதான் என்று நினைக்கிறேன். 2021இல் 30,000க்கும் மேற்பட்டோரிடம் நடத்தப்பட்ட உலகளாவிய கணிப்பில், இதைக் கேட்டவர்களில் பெரும்பான்மையோர், ஏறக்குறைய 72 சதவீதம், ஓய்வுக்கும் நித்திரைக்குமே கேட்டதாகச் சொன்னார்கள். போதைப்பொருளின் விளைவைத் தேடியவர்கள் 12 சதவீதம் அளவுதான். தேடியவர்கள் எல்லோரும் அதைக் கண்டடைந்தார்கள் என்றும் அர்த்தமில்லை.

அப்படியானால் எம் வயதுப் பெண்பிள்ளைகள் ஏன் இதை விடுகிறார்கள் இல்லை? மூளையலைகளைவிட வீட்டுச் சுவர்களைப் பார்த்தால் விடை கிடைக்கும். 1990இல் வெளியேற்றப்பட்டுப் புத்தளத்திலும் பிற இடங்களிலும் காலம் கழித்துத் திரும்பிய குடும்பங்கள் எம்மிடையே பல. எல்லோருக்கும் பழைய பெரிய வீடு மிஞ்சவில்லை. ஓர் அறையில் தம்பியின் கார்ட்டூன், அடுத்ததில் உம்மம்மாவின் இருமல், வாசலில் வாப்பாவைத் தேடி வந்தவர்களின் பேச்சு. அந்த வீட்டில் ஒரு மாணவிக்குக் கதவு பூட்டிய அறை என்றால் அது இயர்போன்தான். அடிப்பு என்ன செய்தாலும் செய்யாவிட்டாலும் ரீங்காரம் மற்றச் சத்தங்களை மறைக்கிறது. அவளுக்குத் தேவைப்பட்டது அதுதான். அதைப் பிடுங்கி எறிந்து "போதை" என்று ஏசினால், அவள் அடுத்த நாள் போர்வைக்குள் கேட்பாள்.

பெற்றோர் கவலைப்பட வேண்டிய இடம் சத்தத்தின் அளவு. 80 தெசிபெல்லில் வாரத்துக்கு 40 மணித்தியாலம் வரை பாதுகாப்பானது என்கிறது உலக சுகாதார நிறுவனம். சத்தம் கூடக் கூட அந்த நேரம் விரைவாகச் சுருங்கும். கேட்டபடியே உறங்கி, சுபஹுக்கு எழும்வரை இயர்போன் காதிலிருந்தால் எத்தனை மணித்தியாலம் என்று கணக்குப் பாருங்கள். செவியின் உள்ளே இருக்கும் மயிர்க்கலங்கள் அழிந்தால் மீண்டும் வளர்வதில்லை.

தோழிகளே, பதற்றமாக இருந்தால் பத்து நிமிடம் மெல்லிய சத்தத்தில் கேளுங்கள், பிறகு கழற்றிவிட்டு வினாத்தாளை எடுங்கள். மாதச் சந்தா கேட்கும் செயலிக்கு மட்டும் காசு கட்டாதீர்கள். உம்மா வாப்பாமாரிடம் ஒரு வேண்டுகோள்: இஷாவுக்குப் பிறகு இரண்டு மணித்தியாலம் தொலைக்காட்சியை நிறுத்தி, வீட்டின் ஒரு மூலையை எங்களுக்கென ஒதுக்கிப் பாருங்கள். இயர்போன் அன்றிரவு மேசையில் கிடக்கிறதா இல்லையா என்பது உங்களுக்கே தெரியவரும்.