ஸ்ரீகாந்துக்கு 15 நாளில் ஜாமீன். 21 கிலோ கஞ்சா வழக்கு மட்டும் ஏன் வருடக்கணக்கில் இழுக்குது?

2025 ஜூன் 23. கொக்கைன் வழக்கில் நடிகர் ஸ்ரீகாந்தை நுங்கம்பாக்கம் போலீசார் கைது செய்தனர். மூன்று நாள் கழித்து நடிகர் கிருஷ்ணாவும் கைதானார். சென்னை சிறப்பு நீதிமன்றம் இருவருக்கும் ஜாமீன் மறுத்தது. ஆனால் ஜூலை 8-ம் தேதி சென்னை உயர் நீதிமன்றம் நிபந்தனைகளோடு ஜாமீன் கொடுத்தது. "நடிகர்னா ரெண்டே வாரம், ஏழைன்னா உள்ளேயே கிடக்கணுமா?" என்ற கேள்வி வராமல் இருக்குமா?

கேள்வியில் நியாயம் இருக்கு. சில நாட்களுக்குள் உயர் நீதிமன்றம் வரை போக எல்லோராலும் முடியாது. ஆனால் பதிலின் பெரும்பகுதி வேறு இடத்தில் இருக்கு: பிடிபட்டது எவ்வளவு, போலீஸ் போட்ட பிரிவு எது?

எடைதான் முதல் கேள்வி

போதைப்பொருள் தடுப்புச் சட்டம் 1985-ல் வந்தது. 2001-ல் செய்த திருத்தம்தான் தண்டனையை எடையோடு கட்டிப்போட்டது. சிறிய அளவு, வணிக அளவு, இரண்டுக்கும் இடைப்பட்ட அளவு என மூன்று படிகள். கொக்கைன் என்றால் 2 கிராம் வரை சிறிய அளவு, 100 கிராமைத் தாண்டினால் வணிக அளவு. கஞ்சாவுக்கு 1 கிலோ, 20 கிலோ. எம்.டி.எம்.ஏ.வுக்கு வெறும் அரை கிராம், 10 கிராம்!

இதில் ஒரு நுணுக்கம். சரியாக 20 கிலோ கஞ்சா வணிக அளவு கிடையாது, அதற்கு மேல் போகணும். அதனால்தான் பையோடு எடை போட்டார்களா, தனியாக வந்த இலையையும் விதையையும் சேர்த்தார்களா என்று வக்கீல்கள் மல்லுக்கட்டுகிறார்கள். பவுடர் விஷயத்தில் அந்த வாதமும் எடுபடாது. கலப்படம் இருந்தாலும் மொத்தக் கலவையின் எடையைத்தான் பார்க்கணும் என்று 2020 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

பிரிவு 37 என்ற பூட்டு

வணிக அளவுக்கு 10 முதல் 20 ஆண்டு வரை சிறை. அதைவிட உடனடிச் சிக்கல் பிரிவு 37. மற்ற வழக்குகளில் ஆள் ஓடிவிடுவாரா, சாட்சியைக் கலைப்பாரா என்றெல்லாம் பார்த்து நீதிபதி முடிவெடுப்பார். இங்கே அது போதாது. அரசு வழக்கறிஞர் எதிர்த்தால், இவர் குற்றம் செய்யவில்லை என்று நம்ப நியாயமான காரணம் இருக்கணும், வெளியே போனால் மறுபடி குற்றம் செய்யமாட்டார் என்றும் நீதிபதிக்குத் திருப்தி வரணும். இரண்டும் சேர்ந்தால்தான் ஜாமீன்.

விசாரணையே தொடங்காதபோது 'குற்றவாளி இல்லை' என்று எப்படி நம்புவது? இந்த இடத்தில்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். கூலிக்குப் பை தூக்கி வந்து சென்னை சென்ட்ரலில் 21 கிலோவோடு பிடிபடும் 'குருவி'க்கும், அந்தச் சரக்கை அனுப்பியவருக்கும் இதே பூட்டுதான். அனுப்பியவர் பெரும்பாலும் சிக்குவதே இல்லை என்பது தனிக் கதை.

நடிகர்கள் இருவரிடமும் வணிக அளவில் சரக்கு பிடிபட்டதாகப் போலீஸ் தரப்பு சொல்லவில்லை. கொக்கைன் பயன்படுத்தியது நிரூபணமானாலும் அதற்கான அதிகபட்ச தண்டனை ஓராண்டுதான். இந்த மாதிரி வழக்குக்கும் 21 கிலோ வழக்குக்கும் சட்டத்தில் வாசல்களே வேறு. ஜாமீன் கிடைத்தது என்றால் விடுதலை என்றும் அர்த்தமில்லை.

ஆனால் எடை குறைவாக இருந்தாலும் பூட்டு விழலாம். கடத்தலுக்குப் பணம் கொடுத்தார், கடத்தல்காரருக்கு அடைக்கலம் தந்தார் என்று 27ஏ பிரிவைச் சேர்த்தால், கிராம் கணக்கே இல்லாமல் 37 வந்து நிற்கும். எஃப்.ஐ.ஆரில் ஒரே ஒரு எழுத்து கூடுவது எத்தனை மாதச் சிறை என்பதை யோசித்துப் பாருங்க.

தாமதம் சாவி ஆகுமா?

2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ஒரு கஞ்சா வழக்கில், விசாரணை முடியாமல் 7 ஆண்டுக்கு மேல் சிறையில் இருந்தவருக்கு ஜாமீன் கொடுத்தது. பிரிவு 37-ஐ வார்த்தைக்கு வார்த்தை படித்தால் யாருக்குமே ஜாமீன் கிடைக்காது, அளவுமீறிய தாமதம் இருந்தால் ஜாமீன் தரத் தடையில்லை என்றது. 2024 டிசம்பரில் இன்னொரு அமர்வு, இந்தச் சட்டத்தில் ஜாமீன் மறுப்பதே விதி, கொடுப்பது விதிவிலக்கு என்று அழுத்திச் சொன்னது. இரண்டு தீர்ப்புகளையும் இரண்டு தரப்பும் கையில் வைத்திருக்கு.

இன்னொரு வழி டிஃபால்ட் ஜாமீன். வணிக அளவு வழக்கில் 180 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யணும். அரசு வழக்கறிஞர் காரணம் காட்டிக் கேட்டால், நீதிமன்றம் ஓராண்டு வரை நீட்டிக்கலாம். இதில் நாட்டுக்கே வழிகாட்டியான தீர்ப்பு ஒரு சென்னை வழக்கில் வந்ததுதான். 180 நாள் முடிந்த மறுநாள், 2019 பிப்ரவரி 1 காலை 10.30-க்கு கைதானவர் ஜாமீன் கேட்டார். அதே நாள் மாலை 4.25-க்கு புலனாய்வுத் தரப்பு புகார் மனுவைத் தாக்கல் செய்தது. சிறப்பு நீதிமன்றம் ஜாமீன் தந்தது, உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அந்த ஜாமீனைத் திரும்பக் கொடுத்தது. கேட்ட நேரத்திலேயே உரிமை வந்துவிட்டது, பின்னால் வந்த காகிதம் அதைப் பறிக்காது என்பதுதான் காரணம். ஆனால் கேட்கணும். கேட்காமல் இருந்து, குற்றப்பத்திரிகை முந்திக்கொண்டால் அந்த உரிமை போச்சு.

வக்கீல் வைக்க வசதியில்லாத குடும்பம் 15100 என்ற இலவச சட்ட உதவி எண்ணை அழைக்கலாம். ரிமாண்ட் ஆன தேதி, எடை, போட்ட பிரிவுகள் மூன்றையும் குறித்து வைத்துக்கொண்டு பேசுங்க.