பாட்டிக்குத் தேர்வு வைக்காதீர்கள்

மந்திரக்கோலின் நுனியில் ஒளி தோன்றும். மறந்துபோனதெல்லாம் உடனே நினைவுக்கு வரும். மாயாஜாலக் கதைகளில் இப்படி நடப்பதைப் படித்திருப்பீர்கள். ஆய்வுக்கூடத்துச் சுண்டெலிகளிடம் அறிவியல் ஏறக்குறைய இதைச் செய்து காட்டிவிட்டது. அந்த ஆய்வு, தாத்தா பாட்டியோடு வாழும் உங்களுக்கும் ஒரு பாடம் சொல்கிறது என்பது என் கருத்து.

ஒருவகைப் பச்சைப்பாசியில் ஒளியை உணரும் புரதம் உண்டு. நீல ஒளி பட்டதும் அது கதவுபோல் திறந்து மின்னூட்டம் பெற்ற துகள்களை உள்ளே விடும். அந்தப் புரதத்துக்கான மரபணுவை மூளையின் நரம்பணுவுக்குள் செலுத்திவிட்டால், ஒளியைப் பாய்ச்சியே அந்த அணுவை இயக்கலாம். இந்த உத்திக்கு ஆப்டோஜெனெட்டிக்ஸ் என்று பெயர்.

அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் நோபெல் பரிசாளர் சுசுமு டோனெகாவாவின் குழு 2012ல் இதை நினைவாற்றலில் சோதித்தது. ஒரு பெட்டியில் சுண்டெலிக்கு லேசான மின்னதிர்ச்சி கொடுத்தார்கள். அந்த அனுபவம் பதிந்தபோது இயங்கிய அணுக்களில் மட்டும் ஒளியுணரும் புரதம் உருவாகும்படி செய்திருந்தார்கள். பிறகு வேறொரு பெட்டியில் வைத்து, மெல்லிய ஒளியிழை வழியே மூளைக்குள் நீல ஒளியைப் பாய்ச்சினார்கள். எலி பயத்தில் அசையாமல் நின்றது. பழைய நினைவு விழித்துக்கொண்டது.

2016ல் இன்னும் வியப்பான முடிவு வந்தது. ஆல்ஸைமர் நோயின் தொடக்கநிலையை ஒத்த பாதிப்புள்ள எலிகள், முதல் நாள் அதிர்ச்சி தந்த பெட்டியிலேயே மறுநாள் பயமின்றி உலவின. ஒளியைப் பாய்ச்சியதும் அவையும் அசையாமல் நின்றன. நினைவு அழியவில்லை, அதை எடுக்கும் வழிதான் அடைபட்டிருந்தது.

மனிதர்களுக்கு இது இன்னும் சிகிச்சையாகவில்லை. மூளைக்குள் மரபணுவைச் செலுத்தி ஒளியிழையைப் பொருத்துவது எளிதன்று. நோய் முற்றி அணுக்களே மடிந்துவிட்டால், ஒளியால் எழுப்ப அங்கே எதுவும் இருக்காது. ஆகவே, “மறதியைப் போக்கும் அதிசய விளக்கு” என்று யாராவது விற்றால் நம்பாதீர்கள்.

சரி, நமக்கென்ன பாடம்? சிங்கப்பூரில் 60 வயதைக் கடந்தவர்களில் ஏறத்தாழ 11 பேரில் ஒருவருக்கு முதுமை மறதிநோய் இருப்பதாக மனநலக் கழகத்தின் ஆய்வு கூறுகிறது. அவர்களிடம் நாம் எப்படிப் பேசுகிறோம்? “பாட்டி, நான் யாரு சொல்லுங்க? காலையில என்ன சாப்பிட்டீங்க?” இது உரையாடலன்று, தேர்வு. விடை தெரியாதபோது அவர் கூனிக்குறுகிப் போகிறார். அடுத்தமுறை பேசவே தயங்குகிறார்.

வழி அடைபட்டவரிடம் கேள்விமேல் கேள்வி கேட்டுப் பயனில்லை. வேறு வழியைத் திறந்து விடுங்கள். “பாட்டி, நான் உங்க மகள் வயிற்றுப் பேத்தி” என்று நீங்களே சொல்லுங்கள். தேக்காவுக்கு அழைத்துச் சென்று மல்லிகைச் சரத்தைக் கையில் கொடுங்கள். தீபாவளி ஒளியூட்டின்போது சிராங்கூன் சாலையில் மெல்ல நடங்கள். பழைய படங்களைக் காட்டுங்கள். இதனால் நோய் குணமாகாது. ஆனால் அவர் மனம் மலரலாம். ஒரு பேச்சு தொடங்கலாம். மறதி அதிகமானால் பலதுறை மருந்தகத்துக்கு அழைத்துச் செல்லும்படி பெற்றோரிடம் சொல்லுங்கள்.

ஓர் எச்சரிக்கையும் உண்டு. டோனெகாவா குழுவே 2013ல், நடக்காத ஒன்றை நடந்ததாக எலியை நம்ப வைத்தது. ஒரு பெட்டியின் நினைவை ஒளியால் எழுப்பிக்கொண்டே, வேறொரு பெட்டியில் அதிர்ச்சி கொடுத்தார்கள். பிறகு, எந்தத் துன்பமும் நேராத முதல் பெட்டியைக் கண்டே எலி பயந்தது. மனிதர்களிடம் பொய் நினைவை விதைக்க ஒளிகூட வேண்டாம். சொற்களே போதும் என்று உளவியலாளர் எலிசபெத் லோஃப்டஸின் ஆய்வுகள் காட்டியுள்ளன.

மரபுடைமைத் திட்டப்பணிக்காக முதியவர்களைப் பேட்டி எடுக்கும் மாணவர்கள் இதை மனத்தில் வைக்கவேண்டும். இன்றைய தேக்கா நிலையம் 1982ல் வந்தது. அதற்கு முந்திய சந்தையைப் பற்றிக் கேட்கும்போது, “அங்கே ஒரே கூட்டமா இருக்கும்தானே, தாத்தா?” என்று விடையை நீங்களே ஊட்டாதீர்கள். பழைய படத்தைக் கையில் கொடுத்து, “இதைப் பார்த்தா என்ன தோணுது?” என்று கேளுங்கள். தூண்டுகோல் உங்களுடையதாக இருக்கலாம். விடை அவருடையதாகவே இருக்கவேண்டும்.

கேட்டபின் காத்திருங்கள். ஒரு நிமிட மௌனத்துக்குப் பிறகு ஒரு பெயர் வரலாம், ஒரு சிரிப்பு வரலாம், ஒன்றும் வராமலும் போகலாம். எது வந்தாலும், அவர் தேர்வில் தோற்றவரல்லர்.