வீட்டில் இல்லாத தமிழை வகுப்பறையில் தேடலாமா?

இதைப் படிக்கும் பெற்றோர் சிலருக்கு என்மீது சினம் வரலாம். சக ஆசிரியர் சிலரும் முகம் சுளிக்கலாம். ஆயினும் சொல்லாமல் இருப்பதற்கில்லை.

பெற்றோர்–ஆசிரியர் சந்திப்பின்போது என்முன் வந்து அமர்வோரில் பலர் கேட்பது ஒரே கேள்விதான்: “என் பிள்ளைக்கு ஏன் தமிழ் வரவில்லை?” கேள்வி ஆங்கிலத்தில் வருகிறது. நான் தமிழில் விடை கூறுகிறேன். அவர்கள் தமிழ் நன்கு அறிந்தவர்களே. ஆயினும் அடுத்த கேள்வியும் ஆங்கிலத்திலேயே வருகிறது. அருகில் அமர்ந்திருக்கும் பிள்ளை இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருக்கிறது. அம்மாவும் அப்பாவும் முக்கியமானவற்றை எந்த மொழியில் பேசுகிறார்கள் என்பதை அதற்கு யாரும் பாடமாக நடத்த வேண்டியதில்லை.

இந்த நாட்டில் தமிழுக்கு என்ன குறை? நான்கு அதிகாரத்துவ மொழிகளுள் ஒன்று. நாணயத்தில் தமிழ் உண்டு. நாடாளுமன்றத்தில் தமிழில் பேசலாம். பள்ளியில் அது தாய்மொழிப் பாடம். 1935இல் தொடங்கிய தமிழ் முரசு இன்றும் வருகிறது. வானொலி உண்டு, தொலைக்காட்சி உண்டு. வளர்தமிழ் இயக்கம் 2000ஆம் ஆண்டு முதல் இயங்குகிறது. ஏப்ரல் வந்தால் தமிழ்மொழி விழா. பேச்சுப்போட்டி, நாடகம், பட்டிமன்றம் என மாதம் முழுவதும் கொண்டாட்டம். மே மாதம் பிறந்ததும்?

மக்கள்தொகைக் கணக்கெடுப்பைப் பாருங்கள். வீட்டில் மிகுதியாகப் பேசும் மொழி தமிழ் என்று கூறிய சிங்கப்பூர் இந்தியர்கள் 2000இல் 42.9 விழுக்காடு. 2010இல் 36.7. 2020இல் 27.3! அதே 2020இல் ஆங்கிலம் என்று கூறியவர்கள் 59.2 விழுக்காடு. ‘இந்தியர்’ என்ற கணக்கில் மலையாளிகளும் பஞ்சாபியரும் புதிதாகக் குடியேறிய பிறமொழியினரும் அடங்குவர் என்பது உண்மையே. ஆகவே முழுச் சரிவையும் தமிழ்க் குடும்பங்களின் தலையில் கட்ட நான் வரவில்லை. ஆனால், காற்று எந்தத் திசையில் வீசுகிறது என்பதில் யாருக்கேனும் ஐயம் உண்டா?

“அரசாங்கம் இன்னும் செய்ய வேண்டும், பள்ளியில் இன்னும் நேரம் ஒதுக்க வேண்டும்” என்போர்க்கு அயர்லாந்தை நினைவூட்ட விரும்புகிறேன்.

நமக்குத் தமிழ் எப்படியோ, அப்படி அவர்களுக்கு ஐரிஷ் மொழி. ஆங்கிலேய ஆட்சியில் அது ஏழைகளின் மொழியாயிற்று. 1845இல் தொடங்கிய பெரும் பஞ்சத்தில் அதிகம் மடிந்தவர்களும் கப்பலேறியவர்களும் அம்மொழி பேசிய ஏழை மக்களே. பிழைக்க வேண்டுமானால் ஆங்கிலம் வேண்டும் என்று பெற்றோர் முடிவுகட்டினர். பிள்ளையின் கழுத்தில் ஒரு குச்சியைக் கட்டித் தொங்கவிட்டு, அது ஐரிஷ் பேசும்போதெல்லாம் அக்குச்சியில் ஒரு வெட்டு வெட்டி, வெட்டுகளை எண்ணித் தண்டிப்பார்களாம். அதற்குப் பெற்றோரே உடன்பட்டார்கள் என்பதுதான் நெஞ்சைச் சுடும் செய்தி.

பின்னர் விடுதலை வந்தது. 1922 முதல் புதிய அரசு ஐரிஷ் மொழியைப் பள்ளிகளில் புகுத்தியது. 1937ஆம் ஆண்டின் அரசியலமைப்பு அதனைத் தேசிய மொழி என்றும் முதல் அதிகாரத்துவ மொழி என்றும் அறிவித்தது. சாலைப் பலகையில் அந்த மொழி. 1996 முதல் அதற்கெனத் தனித் தொலைக்காட்சி. 2007இல் ஐரோப்பிய ஒன்றியத்திலும் இடம். ஒரு மொழிக்கு ஓர் அரசு இதற்கு மேல் என்ன செய்ய இயலும்?

விளைவு என்ன? 2022ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ஐரிஷ் பேசத் தெரியும் என்றவர்கள் சுமார் 1.87 மில்லியன் பேர். பள்ளிக்கு வெளியே நாள்தோறும் பேசுவோர் ஏறத்தாழ 72,000 பேர்! நூறாண்டுக் காலப் பள்ளிப் பாடம் ‘தெரியும்’ என்று சொல்ல வைத்தது, பேச வைக்கவில்லை. வீடு கைவிட்டதை வகுப்பறையால் மீட்க இயலவில்லை.

இனி, நான் வழக்கமாகக் கேட்கும் மறுமொழிகள்.

“ஐரிஷ்காரர்கள் ஆங்கிலம் பேசிக்கொண்டே ஐரிஷ்காரர்களாகத்தானே இருக்கிறார்கள்?” ஆம், இருக்கிறார்கள். அவர்களுக்கென ஒரு நாடு இருக்கிறது. அந்த மண்ணே அவர்களுக்கு அடையாளம் தருகிறது. நாமும் சிங்கப்பூரர்கள்தாம், அதில் பெருமையும் உண்டு. ஆனால், அந்த அடையாளத்தைச் சீனரோடும் மலாய்க்காரரோடும் பகிர்ந்துகொள்கிறோம். இனம் என்று கேட்டால் நம் பதிவில் ‘இந்தியர்’ என்றே இருக்கும். நம்மைத் தமிழர் என்று காட்டுவது மொழி ஒன்றே. அதுவும் போனால் எஞ்சுவது தேக்காவில் வாங்கிய சேலையும், தைப்பொங்கலன்று கைத்தொலைபேசியில் எடுத்த படமும்தாம்.

“தமிழ்நாட்டில் கோடிக்கணக்கானோர் பேசுகிறார்களே, தமிழ் அழியாது.” மெய்தான். தமிழ் அழியாது. சிராங்கூன் சாலையிலும் தமிழ் ஒலித்துக்கொண்டுதான் இருக்கும். ஆனால், அங்குப் பேசுவோர் யார்? ஞாயிற்றுக்கிழமை அங்குக் கூடும் வெளிநாட்டு ஊழியர்களா, இங்கே பிறந்த நம் பிள்ளைகளா? தமிழகம் தமிழைக் காக்கும். உங்கள் பேரனுக்கும் உங்களுக்கும் இடையிலான பேச்சைத் தமிழகம் காக்காது. இன்றே எத்தனையோ அடுக்குமாடி வீடுகளில் பாட்டி தமிழில் கேட்கிறார், பேரப்பிள்ளை ஆங்கிலத்தில் விடை சொல்கிறது. அடுத்த தலைமுறையில் கேட்பதற்கே ஆள் இருக்கமாட்டார்.

“ஆங்கிலம்தானே சோறு போடும்?” யார் மறுத்தார்கள்? ஆனால், சிங்கப்பூரில் ஒரு பிள்ளை ஆங்கிலம் கற்காமல் தப்பித்துவிட முடியுமா? பாலர் பள்ளி முதல் எங்கும் ஆங்கிலம். தமிழ் கிடைக்குமிடம் ஒன்றே ஒன்றுதான். அதுதான் உங்கள் வீடு.

சக ஆசிரியர்களுக்கும் ஒரு சொல். “நேத்து அம்மாகூட தேக்காவுக்குப் போனேன், டீச்சர்” என்று ஒரு பிள்ளை ஆவலோடு சொல்ல வருகிறது. நாம் என்ன செய்கிறோம்? “நேத்து இல்லை, நேற்று” என்று இடைமறிக்கிறோம். அதன்பின் அந்தப் பிள்ளை வாய் திறப்பதேயில்லை. பேச்சுத்தமிழுக்கு வகுப்பில் இடம் வேண்டும் என்று பாடத்திட்ட மறுஆய்வுக் குழு 2005இலேயே பரிந்துரைத்துவிட்டது. எழுதும்போது எழுத்துத்தமிழ் கேளுங்கள். பேசும்போது பேச விடுங்கள். வீட்டில் கேட்ட தமிழைக் கொச்சை என்று பள்ளியில் ஒதுக்கினால், பிள்ளை இரண்டையும் விட்டுவிடும். தமிழை விற்றுப் பிழைக்கும் நம்மிலேயே எத்தனை பேர் வீட்டில் பிள்ளைகளோடு ஆங்கிலத்தில் பேசுகிறோம் என்பதையும் அவரவர் நெஞ்சே அறியும்.

அச்சமூட்டுவது மட்டும் என் நோக்கமன்று. அதே ஐரிஷ் மொழிக்கு இன்னொரு கதையும் உண்டு. பிரிட்டனின் ஆட்சியில் உள்ள வட அயர்லாந்தில் அந்த மொழிக்கு அன்று எந்த மதிப்பும் இல்லை. அங்கே பெல்ஃபாஸ்ட் நகரில், 1969இல் சில குடும்பங்கள் ஷா சாலையில் அடுத்தடுத்து வீடு கட்டிக் குடியேறின. ஐரிஷ் மொழியைப் பின்னாளில் கற்றுக்கொண்ட பெற்றோர் அவர்கள். வீட்டில் அதை மட்டுமே பேசுவதென முடிவெடுத்துப் பிள்ளைகளை வளர்த்தனர். 1971இல் அவர்களே ஒரு பள்ளி தொடங்கினர். முதலில் ஒன்பதே மாணவர்கள். 1984 வரை அரசின் நிதி கிட்டவில்லை. இன்று வட அயர்லாந்தின் ஐரிஷ்வழிப் பள்ளிகளுக்கெல்லாம் அதுவே தாய்.

ஒருபுறம் அரசமைப்பின் முழு ஆதரவு, வீடு இல்லை. மறுபுறம் அரசு இல்லை, வீடு இருந்தது. எது பிழைத்தது என்று பாருங்கள்! நமக்கோ அரசின் ஆதரவும் இருக்கிறது. வீடு மட்டுமே குறை.

துணைப்பாட வகுப்புக்கு அனுப்பாதீர்கள் என்று நான் கூறவில்லை. அதற்குச் செலவிடும் வெள்ளி தேர்வுக்கு உதவலாம்; பேச்சுக்கு உதவாது. உங்களிடம் நான் கேட்பது பணமே செலவாகாத ஒன்று. இரவு உணவு வேளையில் தமிழில் மட்டும் பேசுங்கள். பிள்ளை ஆங்கிலத்தில் விடை சொன்னால் திட்டாதீர்கள், கேலி செய்யாதீர்கள். நீங்கள் தமிழிலேயே தொடருங்கள். ஆங்கிலச் சொல் கலந்தால் கலக்கட்டும். உங்கள் அலுவலகக் கவலையை, ஊர்க்கதையை, கோபத்தை, சிரிப்பைத் தமிழில் சொல்லுங்கள். இலக்கணத்தை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

பேச்சைத் தருவது உங்கள் பொறுப்பு. அதை எங்கள்மேல் சுமத்தாதீர்கள். எங்களால் சுமக்க இயலாது.